மறைந்த தடங்களைத் தேடியவர்

நுழையும்முன்

அரசர்களின் வரலாற்றை எழுதக் கல்வெட்டும் செப்பேடும் துணைநிற்கின்றன. அரசுகளின் வரலாற்றை எழுத ஆணைகளும் அறிக்கைகளும் உள்ளன. தடைசெய்யப்பட்ட ஓர் இயக்கத்தின் வரலாற்றை எதைக் கொண்டு எழுதுவது? தன் தாள்களைத் தானே எரித்துவிட்டு நகர்ந்த மனிதர்களின் வாழ்வை எங்கிருந்து மீட்பது? இந்தியப் பொதுவுடைமை இயக்கத்தின் தொடக்க நாள்களை ஆராய்ந்த சி. எஸ். சுப்பிரமணியத்தின் வாழ்வும் பணியும் இக்கேள்விக்கு விடைதேடும் முயற்சியாக அமைந்தவை.

பள்ளத்தாக்கில் எழும் கேள்வி

மேற்குத் தொடர்ச்சி மலைக்கும் வருசநாட்டு மலைக்கும் இடையே விரிந்து கிடக்கிறது கம்பம் பள்ளத்தாக்கு. கூடலூர், கம்பம், உத்தமபாளையம் வயல்களுக்கு முல்லைப் பெரியாற்று நீர் வந்த கதை ஏடுகளில் நாள் தவறாமல் பதிவாகியிருக்கிறது. சென்னை மாகாண அரசுக்கும் திருவிதாங்கூர் அரசுக்கும் குத்தகை ஒப்பந்தம் ஏற்பட்ட நாள் 1886 அக்டோபர் 29. குத்தகைக் காலம் 999 ஆண்டுகள். மேற்கு நோக்கி ஓடிய ஆற்றைக் கிழக்கே திருப்பிய அணை 1895-இல் பயனுக்கு வந்தது. பொறியாளர் பென்னிகுயிக்கின் பெயர் இன்றும் அப்பகுதி மக்களின் நாவில் வாழ்கிறது.

அதே பள்ளத்தாக்கிலிருந்து போடிமெட்டு வழியாகவும் கம்பம்மெட்டு வழியாகவும் குமுளி வழியாகவும் மலையேறி, ஏலக்காய்த் தோட்டங்களிலும் தேயிலைத் தோட்டங்களிலும் உழைத்த மக்களுக்கு அத்தகைய பதிவு இல்லை. தோட்டத்துக் கூலிக் கணக்கில் ஒரு பெயர், ஒரு நாள், ஒரு தொகை. அதற்கு மேல் அம்மனிதர் எண்ணியது, அஞ்சியது, எதிர்த்தது எதுவும் தாளில் ஏறவில்லை.

1956-இல் மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்துடன் சேர்ந்தன. அடுத்த ஆண்டு கேரளத்தில் இ. எம். எஸ். நம்பூதிரிபாடு தலைமையில் பொதுவுடைமைக் கட்சி ஆட்சி அமைத்தது. 1958 மே மாதம் தேவிகுளத்தில் நடைபெற்ற இடைத்தேர்தலில் அக்கட்சியின் வேட்பாளர் ரோசம்மா புன்னூசு வென்றார். வாக்காளர்களில் பெரும்பகுதியினர் தமிழ்த் தோட்டத் தொழிலாளர்கள். மலையடிவாரத்தில் உள்ள பண்ணைப்புரத்தைச் சேர்ந்த பாவலர் வரதராசன் அத்தேர்தலுக்காக மேடைதோறும் பாடினார். பின்னாளில் இசையுலகை ஆண்ட இளையராசா இவருடைய தம்பி. அண்ணனின் குழுவில்தான் அவரும் பாடத் தொடங்கினார். தேர்தலில் யார் வென்றார், எத்தனை வாக்குகள் பெற்றார் என்பவை அரசு ஆவணத்தில் உள்ளன. மலைச்சரிவில் அரிக்கேன் விளக்கொளியில் அமர்ந்து பாட்டைக் கேட்ட பெண் என்ன நினைத்தாள் என்பதற்கு அந்த ஆவணத்தில் இடமில்லை.

பள்ளத்தாக்கின் இந்தச் சிக்கல் பெரிய அளவில் இந்தியப் பொதுவுடைமை இயக்கம் முழுமைக்கும் உரியது. அவ்வியக்கத்தின் முதல் இருபது ஆண்டுகளை எழுத முனைந்த எவரும் இதே சுவரில்தான் முட்டிக்கொண்டனர். அவர்களுள் ஒருவர் சி. எஸ். சுப்பிரமணியம்.

நிகழ்ச்சியில் நின்றவர்

1910-இல் பிறந்த சுப்பிரமணியம் உயர்கல்விக்காக இங்கிலாந்து சென்று ஆக்ஸ்போர்டில் பயின்றார். அக்காலத்தில் அங்குச் சென்ற இந்திய இளைஞர்கள் பலருக்கு ஆட்சிப் பணித் தேர்வே இலக்கு. உலகப் பொருளாதார நெருக்கடி ஐரோப்பாவை உலுக்கிய ஆண்டுகள் அவை. வேலையிழந்த தொழிலாளரின் ஊர்வலங்களும், இட்லரின் எழுச்சியும், சோவியத் நாட்டைப் பற்றிய விவாதங்களும் மாணவர் அறைகளுக்குள்ளும் புகுந்தன. சுப்பிரமணியம் பொதுவுடைமையாளராகத் தாயகம் திரும்பினார்.

1934-இல் ஆங்கில அரசு இந்தியப் பொதுவுடைமைக் கட்சியைத் தடைசெய்தது. அத்தடை 1942 வரை நீடித்தது. தடைக்காலத்தின் நடுவே, 1936-இல், தமிழ்நாட்டின் முதல் கட்சிக்கிளை சென்னையில் இரகசியமாக அமைந்தது. ப. ஜீவானந்தம், பி. இராமமூர்த்தி, பி. சீனிவாசராவ் ஆகியோருடன் சுப்பிரமணியமும் அதில் இடம்பெற்றார். அவர்களுக்கு வழிகாட்டியவர் எஸ். வி. காட்டே. 1925 கான்பூர் மாநாட்டில் செயலாளர் பொறுப்புக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட அதே காட்டே, மீரட் சதிவழக்கில் சிறைசென்று மீண்டபின் சென்னையில் பணியாற்றினார். இச்செய்தி சிறியதாகத் தோன்றலாம். ஆயினும் ஒரு வரலாற்றாசிரியனுக்கு இது பெரும்பேறு. தான் பின்னாளில் எழுதவிருந்த நிகழ்ச்சியில் நேரில் இருந்த ஒருவருடன் சுப்பிரமணியம் தம் இருபதுகளிலேயே பழக நேர்ந்தது.

இரண்டாம் உலகப்போர் தொடங்கியதும் போர் எதிர்ப்புப் பரப்புரைக்காக அரசு தொடுத்த சென்னைச் சதிவழக்கில் பி. இராமமூர்த்தி, மோகன் குமாரமங்கலம் ஆகியோருடன் அவரும் குற்றம் சாட்டப்பட்டார். நீதிமன்றத்தில் அரசுத் தரப்பு அடுக்கிய தாள்கள், அவர் தம் வாழ்வையே பிறர் எழுதிய ஆவணமாகக் காணும் வாய்ப்பைத் தந்தன.

பகைவர் காத்த ஏடுகள்

தலைமறைவு இயக்கத்தில் கடிதம் எழுதுவது தீங்கு. எழுதிய கடிதத்தை வைத்திருப்பது பெருந்தீங்கு. உறுப்பினர் பட்டியல் காவலர் கையில் சிக்கினால் பல குடும்பங்கள் சிதையும். எனவே படித்தவுடன் எரிப்பது அங்கு ஒழுக்கமாகவே கற்பிக்கப்பட்டது. பெயர்களும் நிலையானவை அல்ல. எம். என். ராய் என்று உலகம் அறிந்தவரின் இயற்பெயர் நரேந்திரநாத் பட்டாச்சாரியா. ஒருவருக்கே நான்கைந்து பெயர்கள் வழங்கியதும் உண்டு. வருங்கால வரலாற்றாசிரியனைப் பற்றி அவர்கள் எண்ணிப் பார்த்திருக்க முடியாது. அன்றைய இரவைக் கடப்பதே அவர்களின் கவலை.

அவர்கள் எரித்தவற்றை மற்றொருவர் சேர்த்துவைத்தார். அவர் காவல்துறை ஒற்றர். கடிதங்களை இடைமறித்துப் படியெடுத்து, உறையை மீண்டும் ஒட்டி அனுப்பும் கலையில் ஆங்கில அரசின் உளவுத்துறை தேர்ந்திருந்தது. அத்துறையின் தலைவர்களான செசில் கே, டேவிட் பெட்ரி ஆகியோர் 1920-களில் இந்தியப் பொதுவுடைமை இயக்கம் பற்றி இரகசிய அறிக்கைகள் எழுதினர். அரசின் உயர் அலுவலர் சிலருக்காக மட்டும் அச்சிடப்பட்ட அவை, விடுதலைக்குப் பின் 1970-களில் பொதுநூல்களாக வெளிவந்தன. 1929 முதல் 1933 வரை நடைபெற்ற மீரட் சதிவழக்கில் அரசுத் தரப்பு நீதிமன்றத்தில் அளித்த சான்றாவணங்கள் தனியொரு நூலகம் எனத்தக்க அளவின. இயக்கத்தை ஒழிப்பதற்காகத் திரட்டப்பட்ட தாள்களே இயக்கத்தின் வரலாற்றைக் காத்தன.

இவ்வாவணங்களைப் பயில்வதற்குத் தனிப் பயிற்சி வேண்டும். ஒற்றன் கூலிக்கு எழுதியவன். சிறிய செய்தியைப் பெரிதாக்கினால் அவனுக்கு மதிப்பு உயரும். மேலதிகாரி ஒவ்வொரு வேலைநிறுத்தத்திற்குப் பின்னும் மாஸ்கோவின் கையைக் காண விரும்பினார். கீழுள்ளவர் அவர் விரும்பியதையே காட்டினார். தமிழ்ப் பெயர்கள் ஆங்கில எழுத்தில் உருமாறிக் கிடந்தன. இயக்கத்தவர் சிங்காரவேலர் என மதித்து அழைத்தவரைக் காவல்துறைக் கோப்பு சிங்காரவேலு செட்டியார் என்றே குறித்தது. நாள், இடம், வந்தவர் யார் என்பனவற்றில் ஒற்றனின் குறிப்பு பெரும்பாலும் நம்பத்தக்கது. ஏன் வந்தார் என்பதில் நம்பத்தகாதது. இந்த வேறுபாட்டை உணர்ந்தவனே கோப்பைத் திறக்கலாம்.

தெரியுமா?

இந்தியப் பொதுவுடைமைக் கட்சியின் பொதுச்செயலாளராக இருந்த பி. சி. ஜோஷி, தம் பிற்காலத்தில் இயக்கம் தொடர்பான தாள்களைத் திரட்டுவதில் ஈடுபட்டார். அவர் திரட்டியவை தில்லி ஜவஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் அவர் பெயரிலேயே ஆவணக்காப்பகமாக விளங்குகின்றன. ஜி. அதிகாரி பதிப்பித்த கட்சி வரலாற்று ஆவணங்களின் முதல் தொகுதி 1971-இல் வெளிவந்தது.

சிங்காரவேலரை மீட்டது

1975-இல் கே. முருகேசனுடன் இணைந்து சுப்பிரமணியம் எழுதிய சிங்காரவேலர் வரலாறு ஆங்கிலத்தில் வெளிவந்தது. தென்னிந்தியாவின் முதல் பொதுவுடைமையாளர் என்று நூலின் தலைப்பே அவரைக் குறித்தது. 1860-இல் சென்னை மீனவர் குடும்பத்தில் பிறந்த சிங்காரவேலர், வழக்குரைஞராக விளங்கியவர். பெரும் நூலகம் ஒன்றைத் தம் இல்லத்தில் வைத்திருந்தவர். 1923 மே 1 அன்று சென்னையில் உயர்நீதிமன்றத்திற்கு எதிரே கடற்கரையிலும் திருவல்லிக்கேணிக் கடற்கரையிலும் இரு கூட்டங்கள் கூட்டி, இந்தியாவில் முதன்முதலாக மே நாளைக் கொண்டாடினார். தொழிலாளர்க்கும் உழவர்க்கும் உரிய கட்சி ஒன்றைத் தொடங்கினார். 'தொழிலாளன்' என்னும் இதழை நடத்தினார். 1924-இல் கான்பூர் சதிவழக்கில் அவர் பெயரும் சேர்க்கப்பட்டது. உடல்நலக் குறைவால் அவர் மன்றுக்குக் கொண்டுசெல்லப்படவில்லை. 1925 டிசம்பரில் கான்பூரில் கூடிய முதல் பொதுவுடைமை மாநாட்டிற்கு அவரே தலைமை ஏற்றார். 1928 தென்னிந்திய இரயில்வே வேலைநிறுத்தத்திற்காகச் சிறைத்தண்டனை பெற்றபோது அவர் அறுபத்தெட்டு வயது முதியவர்.

இவ்வளவு செய்தவர் 1946-இல் மறைந்தார். அடுத்த முப்பதாண்டுகளில் கட்சி வளர்ந்தது, தேர்தல்களில் நின்றது, 1964-இல் இரண்டாகப் பிரிந்தது. புதிய தலைவர்களின் ஆரவாரத்தில் பழைய முன்னோடியின் பெயர் பின்னுக்குப் போயிருந்த வேளையில் அந்நூல் வெளிவந்தது. தொழிற்சங்கம், சுயமரியாதை இயக்கம், அறிவியல் பரப்புரை ஆகிய மூன்று களங்களிலும் ஒருசேர இயங்கிய ஒருவரைத் தனித்தனித் துண்டுகளாக நினைவுகூர்ந்த தமிழகத்திற்கு, முழு மனிதராக அவரைக் காணும் வழியை அந்நூல் திறந்தது.

விலகிச் சென்றவரின் கதை

இருபது ஆண்டுகள் கழித்து, 1995-இல், சுப்பிரமணியம் மற்றொரு வாழ்க்கை வரலாற்றை வெளியிட்டார். இம்முறை அவர் தேர்ந்தெடுத்தவர் எம். பி. டி. ஆச்சாரியா. சிங்காரவேலரைப் பற்றி எழுதுவது பொதுவுடைமையாளர் ஒருவருக்கு இயல்பு. ஆச்சாரியாவைப் பற்றி எழுதுவது அவ்வாறன்று. சுப்பிரமணியத்தின் வரலாற்றுப் பணியை மதிப்பிட வேண்டிய இடம் இதுவே.

1887-இல் சென்னையில் மண்டையம் குடும்பத்தில் பிறந்தவர் ஆச்சாரியா. பாரதியார் ஆசிரியராக விளங்கிய 'இந்தியா' இதழைப் புதுச்சேரியில் வெளியிடும் முயற்சியில் பங்குகொண்டார். பின்னர் ஐரோப்பா சென்று, இலண்டன் இந்தியா இல்லத்தில் புரட்சியாளர்களுடன் கூடினார். முதல் உலகப்போரின்போது பெர்லினிலும் துருக்கியிலும் ஆங்கில ஆட்சிக்கு எதிராகச் செயல்பட்டார். 1919-இல் மாஸ்கோவில் லெனினைச் சந்தித்த இந்தியர் குழுவில் அவரும் இருந்தார். 1920 அக்டோபர் 17 அன்று தாஷ்கண்டில் ஏழு பேர் கூடி இந்தியப் பொதுவுடைமைக் கட்சியை அமைத்தனர். எம். என். ராயும் அவர் மனைவி எவலினும் அவர்களுள் அடங்குவர். அக்கூட்டத்திற்குத் தலைமை வகித்தவர் ஆச்சாரியா.

ராயுடன் அவருக்கு விரைவிலேயே கருத்து வேறுபாடு முற்றியது. கட்சியின் பொறுப்பிலிருந்து நீக்கப்பட்டார். பெர்லின் சென்ற அவர், எல்லா வகை அரசதிகாரத்தையும் மறுக்கும் கொள்கையைத் தழுவினார். சோவியத் ஆட்சியையும் விமரிசித்தார். ஓவியரான உருசிய மனைவி மாக்தா நாக்மனுடன் 1930-களில் பம்பாய் வந்து சேர்ந்தார். 1951-இல் மனைவி மறைந்தார். மூன்றாண்டுகளுக்குப் பின் 1954-இல் வறுமையும் நோயும் சூழ ஆச்சாரியாவின் வாழ்வும் முடிந்தது. தாஷ்கண்டில் தலைமை வகித்தவரின் இறுதிக்காலம் இயக்கத்தின் கண்ணில் படவே இல்லை.

இயக்கம் எழுதிக்கொள்ளும் வரலாற்றில் விலகிச் சென்றவர்க்கு இடம் குறைவு. சிலர் துரோகிகளாக எழுதப்படுவர். பலர் எழுதப்படாமலே விடப்படுவர். பின்னது கொடிது. இயக்கத்திற்குள் இருந்து சிறைக்கோட்டம் கண்ட ஒருவர், இயக்கத்தை மறுத்து வெளியேறிய ஒருவரின் வாழ்வைத் தம் எண்பதைந்தாம் அகவையில் நூலாக்கினார். அதுவும் சோவியத் ஒன்றியம் சிதைந்து நான்கே ஆண்டுகள் ஆன நேரம். தம் நம்பிக்கையின் கோட்டை சரிந்துகொண்டிருக்கையில், அக்கோட்டையை முதலிலேயே ஐயுற்றவரைத் தேடிச்செல்வதற்குப் பெரும் மனவுறுதி வேண்டும்.

இரு தொடக்கங்கள்

இந்தியப் பொதுவுடைமைக் கட்சி எப்போது பிறந்தது? இவ்வினாவுக்கு இன்றும் இரு விடைகள் உள்ளன. இந்தியப் பொதுவுடைமைக் கட்சி 1925 கான்பூர் மாநாட்டைத் தொடக்கமாகக் கொள்கிறது. மார்க்சிஸ்ட் கட்சி 1920 தாஷ்கண்டைத் தொடக்கமாகக் கொள்கிறது. வெறும் ஆண்டுக்கணக்குப் பூசல் என்று இதனைத் தள்ளிவிட முடியாது. இயக்கம் இந்திய மண்ணில் முளைத்ததா, அனைத்துலகப் புரட்சியின் ஒரு கிளையாகப் பிறந்ததா என்னும் பெருவினா அதன் அடியில் இருக்கிறது.

சுப்பிரமணியத்தின் இரு நூல்களையும் அருகருகே வைத்துப் பார்ப்பவர்க்கு ஒரு வியப்புக் காத்திருக்கிறது. கான்பூரில் தலைமை இருக்கையில் அமர்ந்தவர் சென்னைக் கடற்கரையின் சிங்காரவேலர். தாஷ்கண்டில் தலைமை இருக்கையில் அமர்ந்தவர் சென்னையிலேயே பிறந்த ஆச்சாரியா. எந்த விடையை ஏற்றாலும் தொடக்க நாளில் தலைமை ஏற்றவர் சென்னை நகரத்து மனிதரே. வங்காளத்தையும் பம்பாயையும் மையமாக வைத்து எழுதப்பட்ட இயக்க வரலாற்றில் தென்னகம் பெரிதும் ஓரத்தில் நிற்க, இவ்விரு வாழ்க்கை வரலாறுகளும் அந்த ஓரத்திலிருந்து நடுவிடத்திற்குப் பாதை போட்டன.

எழுதப்படாத பக்கங்கள்

இப்பணிக்கு எல்லை இல்லாமல் இல்லை. இரு நூல்களும் தலைவர்களின் வரலாறுகள். தலைவர்களைப் பற்றி ஒற்றர்கள் எழுதினர். எனவே ஆவணம் கிடைத்தது. ஏலத்தோட்டத்துக் கூலிப்பெண்ணை எந்த ஒற்றனும் பின்தொடரவில்லை. கூட்டத்திற்குச் சோறு சமைத்தவர், தலைமறைவாக வந்தவரை மாட்டுத்தொழுவத்தில் ஒளித்தவர், சுவரொட்டிக்குப் பசை காய்ச்சியவர் ஆகியோரைக் கோப்பு அறியாது. காவல்துறை ஏட்டைச் சார்ந்த வரலாறு காவல்துறையின் கண் சென்ற தொலைவுக்கே செல்லும்.

எனவே கம்பம் பள்ளத்தாக்கின் வரலாற்றை எழுத முனைபவர் சுப்பிரமணியம் காட்டிய வழியோடு வேறொரு வழியையும் சேர்த்தாக வேண்டும். 1996-இல் தேனி தனி மாவட்டம் ஆவதற்கு முந்தைய ஆவணங்களை மதுரை மாவட்டக் கோப்புகளில் தேட வேண்டும். மலைக்கு அப்பாலுள்ள நிகழ்ச்சிகளுக்குக் கேரள ஆவணங்களையும், அவற்றில் மலையாளத்தில் உள்ளவற்றையும் படிக்க வேண்டும். தொழிற்சங்கத் துண்டறிக்கைகள், நன்கொடைச் சீட்டுகள், மங்கிய ஒளிப்படங்கள் ஆகியவை வீடுகளின் பரண்களிலும் தகரப் பெட்டிகளிலும் இருக்கக்கூடும். வைகை அணைக்காக ஊரிழந்தவர்களின் துயரைக் 'கள்ளிக்காட்டு இதிகாசம்' என்னும் புதினம் பேசியதுபோல, தாளில் இல்லாததை இலக்கியமும் பாட்டும் காத்துவைத்திருப்பதுண்டு.

இவை அனைத்தினும் முதன்மையானது முதியோரின் நினைவு. நினைவு தவறும், ஆண்டுகள் குழம்பும், பிற்காலத்தில் கேட்டதை முன்னரே கண்டதாக மனம் கருதும். ஆயினும் அதனைச் சரிபார்க்க வழியுண்டு. பாவலரின் பாட்டைக் கேட்ட முதியவர் ஒருவரிடம் எந்த ஆண்டு என்று கேட்டால் விடை கிடைக்காமல் போகலாம். அப்போது ஊரில் என்ன நடந்தது என்று கேட்க வேண்டும். வீரபாண்டி கௌமாரியம்மன் திருவிழாவை ஒட்டித்தான் பாட்டுக் கச்சேரி என்று அவர் கூறுவாராயின், அது சித்திரைக் கடைசி. ஆங்கிலக் கணக்கில் மே மாதம். தேவிகுளம் இடைத்தேர்தல் நடைபெற்றதும் மே மாதத்திலேயே. நினைவும் ஏடும் ஓரிடத்தில் சந்திக்கின்றன. வேறொரு முதியவர் அறுவடைக் காலம் என்று கூறுவாராயின், அவர் குறிப்பிடுவது வேறொரு கூட்டமாக இருக்கலாம். அதையும் தனியே குறித்துவைத்துக்கொண்டு விசாரிக்க வேண்டும்.

இந்த வேலைக்குக் காலம் குறைவு. 1958-இல் இருபது வயதினராய் இருந்தோர் இன்று எண்பதைக் கடந்துவிட்டனர். பாவலர் வரதராசன், தம்பி இளையராசா 1976-இல் திரையுலகில் அறிமுகமாவதற்கு முன்பே மறைந்தார். சி. எஸ். சுப்பிரமணியம் நூறாண்டு கடந்து வாழ்ந்து 2011-இல் காலமானார். சிங்காரவேலரின் காலத்துச் சென்னையைக் கண்ணால் கண்டு, அதனை ஆவணத்தோடு ஒப்பிட்டு எழுதக்கூடிய தலைமுறை அவருடன் ஏறத்தாழ முடிந்தது. கம்பம் பள்ளத்தாக்கில் அத்தகைய தலைமுறையினர் சிலர், மாலை வேளைகளில் இன்னும் திண்ணைகளில் அமர்ந்து பேசிக்கொண்டிருக்கிறார்கள்.